பார்வையாளரை நடுவில் நிறுத்தும் கலை: ஷிரின் நெஷாத்தின் படங்களும் காணொளிகளும்

ஈரானைப் பற்றி எந்தப் பெரிய செய்தி வந்தாலும் இணையத்தில் ஒரு கறுப்பு வெள்ளைப் படம் சுற்ற ஆரம்பித்துவிடும். உடலை மூடும் கறுப்புத் துணியான சாதோர் போர்த்திய ஒரு பெண், முகத்தை இரண்டாகப் பிரித்துச் செங்குத்தாக நிற்கும் துப்பாக்கிக் குழல், நெற்றியிலும் கன்னத்திலும் வரிவரியாகப் பாரசீக எழுத்து. 1994இல் வந்த அந்தப் படத்தின் பெயர் 'ரிபெல்லியஸ் சைலன்ஸ்'. அதை உருவாக்கிய ஷிரின் நெஷாத் புகைப்படத்தோடு நிற்கவில்லை. ஓர் அறையையே படைப்பாக்கும் காணொளி நிறுவல்கள், முழுநீளத் திரைப்படங்கள், ஓர் ஓப்பரா மேடையாக்கம் என்று முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக இயங்கி வருகிறார். ஆனாலும் 'முக்காடும் துப்பாக்கியும்' என்ற அடையாளச் சீட்டு அவரை விட்டபாடில்லை.

அந்தச் சீட்டு அவருடைய கலையின் மேற்பரப்பை மட்டுமே சொல்கிறது. அடையாளம், பண்பாட்டு மாற்றம் என்று அவர் எடுத்துக்கொள்ளும் விஷயம் படத்துக்குள் தெரியும் பொருட்களில் இருப்பதைவிட, பார்க்கிறவர் எங்கே நிறுத்தப்படுகிறார் என்பதில்தான் அதிகம் இருக்கிறது. அதனால் இந்தப் படைப்புகள் எப்படிக் கட்டப்படுகின்றன, எங்கே மாட்டப்படுகின்றன, எந்த இடத்தில் பழுதாகின்றன என்று தெரிந்துகொள்ளாமல் அவற்றின் பொருளைப் பேசுவது கடினம்.

முதலில் பின்னணி. நெஷாத் 1957இல் ஈரானின் கஸ்வின் நகரில் பிறந்தவர். தந்தை மருத்துவர். பள்ளிப் படிப்பு முடியும் வயதில் அமெரிக்காவுக்கு அனுப்பப்பட்டார். கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தார். அவர் அங்கே இருந்தபோதே ஈரானில் 1979 இஸ்லாமியப் புரட்சி நடந்தது, அடுத்த ஆண்டு ஈராக்குடன் எட்டாண்டுப் போர் தொடங்கியது. படிப்பு முடிந்து நியூயார்க் போனவர் 'ஸ்டோர்ஃபிரண்ட் ஃபார் ஆர்ட் அண்ட் ஆர்க்கிடெக்சர்' என்ற சிறு கலைக்கூடத்தை நடத்துவதில் ஏறக்குறைய பத்தாண்டுகளைக் கழித்தார். அந்தக் காலத்தில் சொந்தப் படைப்பு என்று சொல்லும்படி அவர் பெரிதாக எதுவும் செய்யவில்லை. 1990இல் ஊர் திரும்பிப் பார்த்தபோது, விட்டுச் சென்ற நாடு அங்கே இல்லை.

அந்த மாற்றத்தின் அளவை உணர உடை விஷயத்தில் மட்டும் இரண்டு ஆணைகளைப் பார்த்தால் போதும். 1936இல் ஈரான் மன்னர் ரெசா ஷா பெண்கள் முக்காடு போடுவதைத் தடைசெய்தார். தெருவில் காவலர்கள் துணியைப் பிடுங்கினார்கள். 1979க்குப் பிறகு முக்காடு படிப்படியாகக் கட்டாயமாக்கப்பட்டது; 1983இல் அதை மீறினால் 74 கசையடி என்று சட்டம் வந்தது. அரை நூற்றாண்டுக்குள் ஒரே துணியைக் கழற்றச் சொல்லியும் அரசு அடித்தது, போடச் சொல்லியும் அடித்தது. ஆகவே ஈரானியப் பெண் ஒருவர் முக்காட்டைப் படமெடுத்தால், அதை 'அடக்குமுறையின் சின்னம்' என்று ஒற்றை வரியில் மொழிபெயர்த்துவிட முடியாது. வெளிநாட்டு விமர்சகர்கள் பலர் இந்த இடத்தில்தான் அவசரப்பட்டார்கள்.

முகத்தில் எழுதியிருப்பது என்ன?

1993 முதல் 1997 வரை செய்த 'விமன் ஆஃப் அல்லா' வரிசையில் நான்கு பொருட்கள் திரும்பத் திரும்ப வரும்: முக்காடு, துப்பாக்கி, எழுத்து, பார்வை. புரட்சியும் போரும் வளர்த்த தியாகக் கருத்தில் பெண்ணின் இடம் என்ன என்பதே வரிசையின் கேள்வி. பல படங்களில் மாதிரியாக நிற்பவர் நெஷாத் தானே. கேமராவை இயக்கியவர்கள் வேறு புகைப்படக்காரர்கள். அருங்காட்சியகக் குறிப்புகளில் அவர்கள் பெயர் தனியாகவே இருக்கும். அச்சான பிறகுதான் அவருடைய கைவேலை தொடங்குகிறது. புகைப்படத்தின் மேல் மையால், உடலின் திறந்த பகுதிகளில் மட்டும், கவிதை எழுதுகிறார். முகம், உள்ளங்கை, பாதம் என்று சட்டம் வெளியே காட்ட அனுமதிக்கும் தோல் எவ்வளவோ அவ்வளவுதான் எழுத்துக்கும் இடம். துணியின் கறுப்பில் எழுத்து ஏறுவதில்லை.

கேட்க எளிதாக இருக்கும் இந்த வேலையில் சிக்கல்கள் உண்டு. பிளாஸ்டிக் பூச்சுள்ள ஆர்.சி. புகைப்படத் தாள் சாதாரணக் காகிதம் போல மையை உறிஞ்சாது. மை மேலேயே நின்று காய வேண்டும். கை பட்டால் இழுபடும், அதிகம் விட்டால் குமிழாகத் தேங்கும், தப்பாக எழுதியதைச் சுரண்டினால் தாளின் பளபளப்பு அந்த இடத்தில் செத்துப்போகும். இன்னொன்று வரியின் வளைவு. நேர்க்கோட்டில் எழுதினால் எழுத்து படத்தின் மேல் ஒட்டிய தாள் போலத் தட்டையாகத் தெரியும். மூக்கின் மேடு, கண்குழி, தாடையின் சரிவு என்று ஒவ்வோர் இடத்துக்கும் வரியை வளைத்து, விளிம்பை நெருங்க நெருங்க எழுத்தைக் குறுக்கினால்தான் தோலிலேயே எழுதியது போன்ற மயக்கம் வரும். நெஷாத்தின் நல்ல படங்களில் இந்த மயக்கம் முழுமையாக இருக்கிறது. பார்ப்பவர்கள் பலர் மாதிரியின் முகத்திலேயே எழுதிப் படமெடுத்ததாக நினைப்பதும் அதனால்தான்.

எழுதியிருப்பது குர்ஆன் வசனம் என்று நினைப்பவர்கள் அதைவிட அதிகம். அது பாரசீகக் கவிதை. மொழி தெரியாதவரும் ஒரு சோதனை செய்து பார்க்கலாம். பாரசீகத்தில் அரபு எழுத்துகளோடு நான்கு கூடுதல் எழுத்துகள் உண்டு. அவற்றில் மூன்று, மும்மூன்று புள்ளிகள் கொண்டவை, நான்காவது மேலே இரட்டைக் கோடு கொண்டது. எழுத்தின் அடியில் மூன்று புள்ளிகள் கொத்தாகத் தெரிந்தாலே அது குர்ஆனின் அரபு அல்ல என்று முடிவுசெய்துவிடலாம்.

ஆனால் உண்மையான கண்ணி அதற்கும் உள்ளே இருக்கிறது. வரிசையில் முக்கியமாக இரண்டு பெண் கவிஞர்கள் வருகிறார்கள். ஒருவர் ஃபொரூக் ஃபரோக்சாத்; 1967இல், முப்பத்திரண்டு வயதில், கார் விபத்தில் இறந்தவர், பெண்ணுடலையும் ஆசையையும் வெளிப்படையாக எழுதியதற்காகத் தூற்றப்பட்டவர், புரட்சிக்குப் பின் தணிக்கைக்கு ஆளானவர். இன்னொருவர் தாஹிரே சஃபார்சாதே. புரட்சியை மனதார ஆதரித்தவர், பிற்காலத்தில் குர்ஆனை மொழிபெயர்த்தவர். இருவரும் நேரெதிர் துருவங்கள். 'ஆஃபர்ட் ஐஸ்' என்ற 1993 படத்தில் ஒரு கண் மட்டும் சட்டகத்தை நிறைக்கிறது. கண்மணியைச் சுற்றியுள்ள வெள்ளையில் ஃபரோக்சாத்தின் கவிதை வட்டமாகச் செல்கிறது. அது வீட்டு முற்றத்துத் தோட்டம் வாடிச் சாவதையும், அப்பா, அம்மா, அண்ணன், அக்கா யாரும் அதைக் கண்டுகொள்ளாததையும் சொல்லும் கவிதை. 'அலீஜன்ஸ் வித் வேக்ஃபுல்னெஸ்' படத்தில் இரண்டு பாதங்களுக்கு நடுவே துப்பாக்கி முனை எட்டிப் பார்க்கிறது. பாதங்களில் இருப்பது சஃபார்சாதேயின் போராளிகளை வாழ்த்தும் கவிதை. பாரசீகம் படிக்கத் தெரிந்தவருக்கு முதலாவது இரங்கல், இரண்டாவது சபதம். தெரியாதவருக்கு இரண்டும் ஒரே அழகான கறுப்புப் பூங்கொடி வேலைப்பாடு. நியூயார்க் கலைக்கூடத்துக்கு வந்தவர்களில் பெரும்பாலோர் இரண்டாம் வகை. அவர்களுக்கு விளக்கத் துண்டு கொடுக்கலாம். ஆனாலும் படத்தைப் பார்க்கும் அந்த நொடியில் வெளியே நிற்பவராகவே இருப்பார்கள். அந்தப் பெண் நேராக அவர்களைப் பார்க்கிறாள், பேசவும் செய்கிறாள், பேச்சு மட்டும் எட்டவில்லை.

இந்த உத்திக்கு ஒரு விலையும் உண்டு. படிக்க முடியாத எழுத்து எளிதில் அலங்காரமாகிவிடும். அலங்காரமான பிறகு துப்பாக்கியும் முக்காடும்தான் மிஞ்சும், அவை மேற்கத்திய செய்தித்தாள் ஏற்கெனவே வைத்திருக்கும் பிம்பத்தோடு அச்சாகப் பொருந்தும். கீழைத்தேயக் கவர்ச்சியை விற்கிறார் என்ற குற்றச்சாட்டு நெஷாத் மேல் வந்தது இந்த வழியாகத்தான். அதை முழுக்கத் தள்ளிவிட முடியாது. அந்தப் படங்கள் சுவரொட்டியாகவும் புத்தக அட்டையாகவும் சிறுத்துப் போகும்போது குற்றச்சாட்டு உண்மையாகவே ஆகிவிடுகிறது. நெஷாத் அந்த வரிசையை 1997இல் நிறுத்திக்கொண்டு காணொளிக்குத் தாவியது, என் கணிப்பில், அவர் எடுத்த மிகச் சரியான முடிவு.

திரைக்கும் திரைக்கும் நடுவே

1998இல் வந்த 'டர்புலண்ட்' சுமார் பத்து நிமிடப் படைப்பு. 16 மி.மீ. கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் எடுத்து காணொளியாக மாற்றியது. ஒளிப்பதிவு காசெம் இப்ராஹிமியன். புரட்சிக்குப் பிந்தைய ஈரானில் ஆண்கள் முன்னிலையில் பெண் தனித்துப் பாடுவதற்குத் தடை. அந்தத் தடையை நெஷாத் கதையாக்கவில்லை, அறையாக்கினார்.

இருட்டறை. எதிரெதிர்ச் சுவர்களில் இரண்டு திரைகள். ஒன்றில் வெள்ளைச் சட்டை போட்ட ஆண். பின்னால் அரங்கு நிறைய அதேபோல் வெள்ளைச் சட்டை ஆண்கள். அவன் தன் பார்வையாளர்களுக்கு முதுகைக் காட்டி, கேமராவைப் பார்த்து பாரசீகக் கவிஞர் ரூமியின் காதல் பாடலைப் பாடுகிறான். வாயசைப்பவர் ஷோஜா அசாரி, குரல் ஷஹ்ராம் நாசெரியுடையது. கேமரா அசையவே இல்லை. அந்த நேரமெல்லாம் எதிர்த் திரையில் சாதோர் போர்த்திய பெண் ஒருத்தி நமக்கு முதுகு காட்டி, காலி நாற்காலிகளைப் பார்த்து நிற்கிறாள். அவன் பாடி முடிக்கிறான், கைதட்டல், வணக்கம். அப்புறம் அவள் தொடங்குகிறாள். சுசன் டெய்ஹிமின் குரல், சொற்களே கிடையாது. மூச்சு, முனகல், தொண்டையின் ஆழத்திலிருந்து வரும் அதிர்வு, ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கிய ஓலம். கேமரா அவளைச் சுற்றிச் சுழல்கிறது. எதிர்த் திரையில் பாடகனும் அவன் கூட்டமும் அசையாமல் அவளையே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

அவர்களுடைய பார்வை நம் தலைக்கு மேலே போகிறது. இரண்டு திரைக்கும் நடுவே நாம் நிற்கிறோம். மனிதக் கண்ணின் பக்கவாட்டு வீச்சு ஏறக்குறைய 200 பாகை. அறையின் பக்கச் சுவரைப் பார்த்து நின்றால் இரண்டு திரையும் கண்ணின் இரு ஓரங்களில் விழும். ஆனால் ஓரப் பார்வையில் அசைவு தெரியும், முகம் தெரியாது. முகம் வேண்டுமென்றால் ஒரு பக்கம் திரும்ப வேண்டும், திரும்பிய நொடியில் இன்னொன்று முதுகுக்குப் பின்னால் போய்விடும். சினிமாவில் எந்த முகத்தை எப்போது காட்டுவது என்பது படத்தொகுப்பாளரின் முடிவு. இங்கே அந்த வெட்டு நம் கழுத்தில் நடக்கிறது. அவன் பாடும்போது அவளுடைய முதுகை எத்தனை பேர் திரும்பிப் பார்த்தார்கள் என்பது அந்த அறைக்குள் கேட்கப்படாமல் கேட்கப்படும் கேள்வி.

இதை அமைப்பதில் தவறுகள் எங்கே வரும் என்று பார்த்தால் படைப்பின் எலும்புக்கூடு தெரியும். எதிரெதிர் எறிவதால் ஒவ்வொரு புரொஜெக்டரின் ஒளியும் பார்வையாளர் நிற்கும் இடத்தைக் கடந்துதான் எதிர்ச் சுவரை அடையும். கூரையோடு ஒட்டி உயரத்தில் பொருத்தாவிட்டால் பாடகியின் முகத்தில் யாராவது ஒருவரின் தலை நிழல் விழும். உயரம் கூடினால் படம் கீழ்ப்பக்கம் அகலமாகக் கோணும். அதை மின்னணுத் திருத்தத்தால் நேராக்கினால் கூர்மை குறையும், லென்ஸையே நகர்த்தும் வசதியுள்ள கருவிதான் சரி. சுவர் வெள்ளையாக இருந்தால் ஒரு திரையின் வெளிச்சம் சிதறி எதிர்த் திரையின் கறுப்பைச் சாம்பலாக்கிவிடும். சாதோரின் கறுப்பும் அரங்கின் இருட்டும் ஒன்றாகக் கலக்க வேண்டிய படைப்பில் இது பெரிய சேதம். பக்கச் சுவர், கூரை, தரை எல்லாம் அடர்நிறத்தில் இருக்க வேண்டும்.

அடுத்தது ஒத்திசைவு. இரண்டு காணொளிகளும் தனித்தனி இயந்திரத்தில் ஓடினால், தொடக்கத்தில் ஒன்றாகப் புறப்பட்டாலும் ஒவ்வொரு சுற்றுக்கும் சில ஃபிரேம் விலகும். ஒரு நாள் முழுக்க ஓடினால் விலகல் நொடிக்கணக்காகும். அப்போது அவள் பாடத் தொடங்குவதற்கு முன்பே ஆண்கள் திகைத்து நிற்பார்கள். காரணமும் விளைவும் இடம் மாறிவிடும். ஒரு இயந்திரம் முன்னோட, மற்றது ஃபிரேமுக்கு ஃபிரேம் அதைப் பின்தொடரும் ஏற்பாடு இதற்காகவே.

ஒலியில் வரும் பிழை கண்ணுக்குத் தெரியாதது, அதனாலேயே மோசமானது. படச்சுருள் நொடிக்கு 24 ஃபிரேம். அதை ஐரோப்பியக் காணொளி முறையான 25க்கு வேகப்படுத்தி மாற்றினால் பத்து நிமிடப் படைப்பு 9 நிமிடம் 36 நொடியாகச் சுருங்கும். யாரும் கவனிக்க மாட்டார்கள். ஆனால் சுருதி ஓர் அரைச்சுரத்தில் கிட்டத்தட்ட முக்கால் பங்கு மேலேறும். நாசெரியின் கனமான குரல் மெலிந்து போகும். முழுக்க முழுக்கக் குரலை நம்பி நிற்கும் படைப்புக்கு அதைச் சரிசெய்யாமல் விடுவது பாடகரை மாற்றுவதற்குச் சமம். கூடவே எதிரொலி. கான்கிரீட் தரையும் வெற்றுச் சுவரும் உள்ள கூடத்தில் டெய்ஹிமின் அடுக்குக் குரல் குழைந்து சத்தமாகிவிடும். கம்பளமும் ஒலியுறிஞ்சும் துணியும் இங்கே அலங்காரம் கிடையாது.

இப்போது இதே படைப்பை இரண்டு திரையையும் பக்கத்தில் பக்கத்தில் ஒட்டிக் கைபேசியில் பார்ப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு முகமும் ஒரே நேரத்தில் கிடைக்கும். யாரையும் தேர்ந்தெடுக்க வேண்டியதில்லை, யாருக்கும் முதுகு காட்ட வேண்டியதில்லை. பாடல் இருக்கும், படைப்பு இருக்காது.

'டர்புலண்ட்'டும் அடுத்து வந்த 'ராப்ச்சர்'ரும் சேர்ந்து 1999 வெனிஸ் பியன்னாலே கலைக் கண்காட்சியில் நெஷாத்துக்குத் தங்கச் சிங்கம் விருதை வாங்கித் தந்தன. 'ராப்ச்சர்' மொராக்கோவில் எடுத்தது, 13 நிமிடம். ஒரு திரையில் கோட்டைக்குள் வெள்ளைச் சட்டை, கறுப்புக் கால்சட்டை ஆண்கள். எதிர்த் திரையில் பாலைநிலத்தில் கறுப்புத் துணிப் பெண்கள். ஆண்கள் கோட்டைக்குள்ளேயே அர்த்தமில்லாத வேலைகளில் சுற்றிச் சுற்றி வருகிறார்கள்; பெண்கள் நடந்து, கடலை அடைந்து, சிலர் படகேறிப் போகிறார்கள். ஈரானில் எடுக்க முடியாத ஈரானை மொராக்கோவில் எடுப்பது அவருக்குப் பழக்கமானது இங்கிருந்துதான். 1996க்குப் பிறகு அவர் ஈரானுக்குத் திரும்பவில்லை.

2000இல் வந்த 'ஃபெர்வர்' பெரும்பாலும் இந்த இரண்டின் நிழலில் மறைந்துபோகிறது. அமைப்பு ரீதியாக அதுதான் சுவையானது. இதில் திரைகள் எதிரெதிராக இல்லை, பக்கத்தில் பக்கத்தில் தொட்டுக்கொண்டு நிற்கின்றன. கூட்டம் ஒன்றில் ஆண்களையும் பெண்களையும் கறுப்புத் திரைச்சீலை பிரிக்கிறது. மேடையில் ஒருவர் யூசுஃப் மேல் சுலைகா கொண்ட ஆசையின் கதையைச் சொல்லி இச்சையைப் பழிக்கிறார். தெருவில் ஒருமுறை கடந்துபோன ஓர் ஆணும் பெண்ணும் திரைச்சீலையின் இரு பக்கமும் உட்கார்ந்திருக்கிறார்கள். இருவரும் இந்த முறை ஒரே சிறைக்குள் இருப்பதால் நாம் நடுவில் நிற்க வேண்டியதில்லை. இரண்டு திரைகளின் நடுக்கோடே சுவராகிவிடுகிறது. எதிரெதிர் வைப்பது வழக்கமான முத்திரையாக இருந்திருந்தால் இங்கேயும் அப்படியே வைத்திருப்பார்.

ஒற்றைத் திரைக்கு வந்தபோது

முழுநீளப் படத்துக்குப் போகும்போது இந்த இடவசதி எல்லாம் பறிபோகும். ஷஹர்நூஷ் பார்சிபூர் 1989இல் வெளியிட்டு, அதற்காகச் சிறைக்கும் போன 'ஆண்களற்ற பெண்கள்' நாவலை நெஷாத் கையிலெடுத்தார். 1953 ஆகஸ்டில் அமெரிக்க, பிரிட்டிஷ் உளவு அமைப்புகளின் துணையோடு பிரதமர் மொசாதெக் கவிழ்க்கப்பட்ட நாட்களில் நடக்கும் கதை. அவர் நேரே திரைக்கதைக்குப் போகாமல், பாத்திரத்துக்கு ஒன்றாகக் காணொளி நிறுவல்களைச் செய்து பார்த்தார். பிறகு அசாரியோடு சேர்ந்து 2009இல் முடித்த 'விமன் விதவுட் மென்' வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த இயக்கத்துக்கான வெள்ளிச் சிங்கம் பெற்றது. தெஹ்ரானாக நடித்தது காசாபிளாங்கா.

நாவலில் ஐந்து பெண்கள், படத்தில் நால்வர். விடுபட்டவள் மஹ்தொக்த், தன்னையே தோட்டத்தில் நட்டுக்கொண்டு மரமாக ஆசைப்படுபவள். நிறுவலில் அவளுக்குத் தனி இடம் இருந்தது. காரணம் புரிந்துகொள்ளக்கூடியதே. பத்து நிமிட நிறுவலில் ஒரு பெண் மரமாகலாம், யாரும் ஏன் என்று கேட்பதில்லை. தொண்ணூறு நிமிடப் படத்தில் பாத்திரத்துக்குப் பெயர், உறவு, நோக்கம் எல்லாம் வந்துவிடுகின்றன; தூய படிமமாக மட்டும் நிற்பவர் தடுக்கிவிழுவார். இழந்த இரண்டாம் திரைக்குப் பதிலாகப் படம் ஊருக்கு வெளியே உள்ள தோட்டத்தைப் பயன்படுத்துகிறது: தெருவில் அரசியல், தோட்டத்தில் பெண்கள். அவ்வப்போது இது பொருந்துகிறது. ஆனால் எங்கே பார்ப்பது என்ற முடிவு மறுபடி படத்தொகுப்பாளரிடம் போய்விட்டதால், நிறுவல்களில் இருந்த சங்கடம் இங்கே மங்கல்தான். படம் அழகாக இருக்கிறது, சில இடங்களில் தேவைக்கு மேல் அழகாக.

2019இல் 'லேண்ட் ஆஃப் ட்ரீம்ஸ்' வழியாக அவர் கேமராவைத் திருப்பியது அமெரிக்காவின் பக்கம். நியூ மெக்சிகோ மாநிலத்தில் எடுத்த 111 உருவப்படங்கள். சிலவற்றில் அந்த மனிதர்களின் பெயர், பிறந்த ஊர், கண்ட கனவு ஆகியவை பாரசீகத்தில் கையால் எழுதப்பட்டிருக்கின்றன. கூடவே இரண்டு காணொளிகள். ஒன்றில் சிமின் என்ற ஈரானியப் பெண் வீடு வீடாகப் போய்ப் படமெடுத்து கனவுகளைக் கேட்டு வாங்குகிறாள். மற்றதில் மலைக்குள் ஒளிந்த பதுங்கிடத்தில் வெள்ளைக் கோட்டு அணிந்த ஈரானியர்கள் அந்தக் கனவுகளை ஆவணப்படுத்தி ஆராய்கிறார்கள். உத்தி பழையதுதான், ஆனால் தலைகீழ். சுவரில் வரிசையாக மாட்டிய முகங்களில் தன் படத்தைக் காணும் அமெரிக்கர், தன்னைப் பற்றித் தன் மேலேயே எழுதியிருப்பதைப் படிக்க ஓர் ஈரானியரைத்தான் கூப்பிட வேண்டும்.